குண்டு விழுந்த ஊரில் ஒரே ஒரு கொலை

நீங்கள் கேட்டது இது: இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் நடக்கும் இருபது நிமிடக் குறும்படம் ஒன்றை எழுதிக்கொண்டிருக்கிறீர்கள். ஒரு கொலை, அதைத் துப்பறியும் ஒரு போலீஸ்காரர். கதையைக் கேட்டவர்கள் எல்லோரும் "போர்ப் படமா, துப்பறியும் படமா, ஏதாவது ஒன்றை முடிவு பண்ணு" என்கிறார்கள். இரண்டும் ஒரே படத்தில் நிற்குமா?

நிற்கும். குறும்படங்களை எடிட் செய்வதும், திரைக்கதை எழுதும் பிள்ளைகளோடு உட்கார்ந்து பேசுவதும்தான் பல வருடமாக என் வேலை. அதனால் உங்கள் நண்பர்கள் எதைப் பார்த்துப் பயப்படுகிறார்கள் என்று தெரியும். இந்த வகைப் படங்கள் என் மேஜைக்கு வரும்போது பெரும்பாலும் ஒரே மாதிரிதான் இருக்கும். முதல் மூன்று நிமிடம் அபாயச் சங்கு ஊதும், ஜனங்கள் ஓடுவார்கள், ஒரே புகை. அப்புறம் சங்கு நின்றுவிடும். கோட் போட்ட ஒருவர் ஓர் அறைக்குள் வந்து நான்கு பேரிடம் கேள்வி கேட்பார். கடைசியில் குற்றவாளி பிடிபடும் நேரத்தில் மறுபடி ஒரு குண்டு விழும். போர் வாசல்படியிலேயே நின்றுகொண்டிருக்கும், கதை உள்ளே தனியாக நடந்துகொண்டிருக்கும்.

உங்கள் கதை அப்படி ஆகிவிட்டதா என்று பார்க்க ஒரு சின்னச் சோதனை போதும். கதையிலிருந்து போரை எடுத்துவிட்டுப் படித்துப் பாருங்கள். அதே கொலை, அதே தடயம், அதே விடை அமைதியான ஒரு காலத்திலும் நடக்கும் என்றால், போர் வாடகைக்கு எடுத்த உடுப்புதான். போரை எடுத்ததும் கதையே சரிந்து விழுந்தால் நீங்கள் சரியான வழியில் போகிறீர்கள். கொலையை மறைப்பதும் போராக இருக்க வேண்டும், காட்டிக்கொடுப்பதும் போராக இருக்க வேண்டும்.

இதற்கு நான் எப்போதும் சொல்லும் உதாரணம் லண்டனில் நிஜமாக நடந்த ஒரு வழக்கு. கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் உங்கள் கேள்விக்கான முழுப் பதிலும் இதற்குள் இருக்கிறது.

1942 ஜூலை 17. தெற்கு லண்டனில் வாக்ஸ்ஹால் பகுதியில், குண்டுவீச்சில் சிதைந்துபோன ஒரு பாப்டிஸ்ட் தேவாலயத்தை இடித்து அப்புறப்படுத்திக்கொண்டிருந்தார்கள். நிலவறையில் வேலை செய்த ஒருவர் தரையில் கிடந்த ஒரு கற்பலகையைப் பெயர்த்தார். அடியில் எலும்புக்கூடாகிப்போன ஓர் உடல். அந்த நாளில் லண்டனில் இது அபூர்வமான காட்சி இல்லை. 1940 செப்டம்பரில் தொடங்கி 1941 மே வரை ஜெர்மன் விமானங்கள் போட்ட குண்டுகளில் பிரிட்டன் முழுக்க 40,000க்கும் மேற்பட்ட பொதுமக்கள் இறந்திருந்தார்கள். இடிபாட்டைக் கிளறினால் உடல் கிடைக்கும். இதுவும் குண்டுவீச்சில் செத்தவருடைய உடல்தான் என்றே முதலில் நினைத்தார்கள்.

உடலைப் பரிசோதித்தவர் கைஸ் மருத்துவமனையின் தடயவியல் மருத்துவர் கீத் சிம்ப்சன். தலை தனியாக வெட்டப்பட்டிருந்தது. கைகள் முழங்கையிலும் கால்கள் முழங்காலிலும் துண்டிக்கப்பட்டிருந்தன. குண்டு மனிதனைக் கிழித்துப் போடும், மூட்டுப் பார்த்து அறுக்காது. செத்த பிறகு தன்மேல் கல்லை இழுத்து மூடிக்கொள்கிறவரும் கிடையாது. தேவாலயத்தில் குண்டு விழுந்தது 1940இல். ஆனால் இந்தப் பெண் இறந்து 12 முதல் 18 மாதம்தான் ஆகியிருக்கும் என்று சிம்ப்சன் கணித்தார். குரல்வளைக் குருத்தெலும்பின் மேல்முனை ஒன்று உடைந்திருந்தது. கழுத்தை நெரித்தால் உடைகிற இடம் அது.

போலீஸ் தங்கள் பழைய கோப்பைப் புரட்டியது. 1941 ஏப்ரல் 11, புனித வெள்ளி அன்று ரேச்சல் டாப்கின் என்ற பெண் காணாமல் போயிருந்தார். கூடப்பிறந்த சகோதரி புகார் கொடுத்திருந்தார். கணவர் ஹாரி டாப்கின் பல வருடங்களாகப் பிரிந்து வாழ்ந்தவர். ஜீவனாம்சம் தர வேண்டியவர், அதில் ஓயாத தகராறு. அவருடைய வேலைதான் முக்கியம்: அந்தத் தேவாலயத்தை ஒட்டிய கட்டடத்தில் தீக்காவலர். தீக்குண்டு விழுந்தால் உடனே அணைக்கவும் தகவல் சொல்லவும் இரவெல்லாம் விழித்திருக்க வேண்டிய ஆள். ரேச்சல் காணாமல் போன மூன்றாம் நாள், ஏப்ரல் 14-15 இரவு, அதே தேவாலய நிலவறையில் தீப்பிடித்தது. அன்று இரவு விமானத் தாக்குதல் எதுவும் இல்லை. தீக்காவலர் தீயைப் பற்றி யாருக்கும் சொல்லவும் இல்லை.

இந்த இடத்தில் கொஞ்சம் நிதானியுங்கள். போர் இந்த மனிதருக்கு என்னென்ன கொடுத்திருக்கிறது என்று பாருங்கள். ஆளில்லாத ஓர் இடிபாடு. அங்கே இரவு முழுக்கத் தனியாக இருப்பதற்கு அரசாங்கமே கொடுத்த காரணம். தீயைப் பார்த்தாலும் உடலைப் பார்த்தாலும் ஏன் என்று கேட்காத ஊர். கொலையை மறைத்தது போர்தான். அதே போர்தான் காட்டியும் கொடுத்தது. எந்த இரவில் குண்டு விழுந்தது, எந்த இரவில் விழவில்லை என்பது ஊருக்கே தெரிந்த காலம் அது. குண்டு விழாத இரவில் எரிந்த நெருப்புக்கு ஒரு காரணம் வேண்டும். அந்த இடிபாட்டை இடித்து அள்ள வந்த கைகள்தான் கல்லையும் பெயர்த்தன.

சுண்ணாம்பு விஷயம் இன்னொன்று. உடல்மேல் சுண்ணாம்பு தூவப்பட்டிருந்தது. தூவியது நீற்றிய சுண்ணாம்பு. அது உடலை அழிக்காது, கெடாமல் காக்கும். தொண்டையில் இருந்த காயம் ஒரு வருடத்துக்கு மேல் கழித்தும் சிம்ப்சன் கண்ணுக்குத் தெரிந்ததற்கு அந்தச் சுண்ணாம்பும் காரணம்.

அடையாளம் காண்பது மிச்சம் இருந்தது. ரேச்சலுடைய பல் மருத்துவர் எந்தப் பல்லில் எப்போது அடைத்தேன் என்று ஒவ்வொன்றையும் குறித்து வைத்திருந்தார். மண்டையோட்டின் மேல்தாடையும் அந்தக் குறிப்பும் ஒத்துப்போயின. மருத்துவமனையின் புகைப்படப் பிரிவைச் சேர்ந்த மேரி நியூமன், ரேச்சலின் பழைய புகைப்படத்தின் மேல் மண்டையோட்டின் படத்தைப் பொருத்திக் காட்டினார். ரேச்சலுக்குக் கர்ப்பப்பையில் கட்டி இருந்ததாக மருத்துவமனைப் பதிவு இருந்தது, உடலிலும் அந்தக் கட்டி இருந்தது. வழக்கு லண்டனின் ஓல்ட் பெய்லி நீதிமன்றத்தில் நடந்தது. ஜூரி சுமார் இருபது நிமிடத்தில் முடிவு சொன்னது. 1943 ஜனவரி 27 அன்று ஹாரி டாப்கின் தூக்கிலிடப்பட்டார்.

உங்கள் படத்தில் போர் நாடகம் எங்கே வரும் என்றால், அந்தப் பல் மருத்துவரின் குறிப்பில் வரும். பதுங்குகுழியும் ஓட்டமும் புகையும் இல்லாமலே வரும். நாற்பதாயிரம் பேர் செத்திருக்கிறார்கள். இன்னும் சாகப்போகிறார்கள். அதன் நடுவில் நான்கைந்து பேர் உட்கார்ந்து, எந்தப் பல்லில் அடைத்தது என்று ஒரு காகிதத்தையும் ஒரு தாடையெலும்பையும் மாற்றி மாற்றிப் பார்க்கிறார்கள். ஒரே ஒரு பெண்ணுக்கு அவள் பெயரைத் திருப்பித் தருவதற்காக. போர் மனிதர்களை எண்ணிக்கையாக ஆக்கிவிடும். துப்பறிகிறவர் அந்த எண்ணிக்கையிலிருந்து ஒருவரை வெளியே எடுக்கிறார். இந்த இரண்டு வகைக் கதைகளும் பிறவியிலேயே ஒட்டிக்கொண்டிருக்கும் இடம் இதுதான் என்று நான் உறுதியாக நம்புகிறேன். "இத்தனை பேர் சாகும்போது இந்த ஒரு சாவு ஏன்?" என்று யாராவது உங்கள் போலீஸ்காரரைக் கேட்கட்டும். அவர் வாயால் பதில் சொல்ல வேண்டாம். படம் முழுக்க அவர் செய்கிற வேலை அந்தக் கேள்விக்குப் பதிலாக இருக்கட்டும்.

போர்க் காலத்தில் போலீஸுக்கு இதற்கெல்லாம் நேரம் ஏது என்று ஒருவர் உங்களிடம் சொன்னாராம். இங்கிலாந்திலும் வேல்ஸிலும் 1939இல் பதிவான குற்றங்கள் சுமார் 3 லட்சம், 1945இல் சுமார் 4 லட்சத்து 78 ஆயிரம். இளைஞர்கள் ராணுவத்துக்குப் போய்விட்ட காலத்தில் ஓய்வுபெற்ற போலீஸ்காரர்களை மறுபடி கூப்பிட்டார்கள். உங்கள் துப்பறிவாளருக்கு அறுபது வயது ஆகட்டும், மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்கட்டும். போரைக் காட்ட அந்த மூச்சு வாங்குவதே போதும்.

தடயங்களைப் போரின் சாமான்களிலிருந்தே எடுங்கள். இதற்கும் நிஜ உதாரணம் இருக்கிறது. 1942 பிப்ரவரியில், எதிரி விமானங்களுக்குத் தெரியாமலிருக்க ஊர் விளக்குகளை மறைத்துவைத்த லண்டனின் இருட்டடிப்பு இரவுகளில் ஆறு நாட்களுக்குள் நான்கு பெண்கள் கொல்லப்பட்டார்கள். இன்னொரு பெண்ணை ஒருவன் தாக்கும்போது, பாட்டில்கள் எடுத்துக்கொண்டு போன ஒரு பையன் அந்தப் பக்கம் வர, தாக்கியவன் ஓடினான். ஓடும்போது தன் விஷவாயு முகமூடிப் பையை விட்டுவிட்டுப் போனான். அதன்மேல் விமானப்படை எண் 525987. கோர்டன் கம்மின்ஸ் என்ற விமானப்படை வீரனுடையது. ஆனால் அவன் அந்த இரவுகளில் முகாமில்தான் இருந்தான் என்று வருகைப் பதிவு சொன்னது. விசாரித்தால், வீரர்கள் ஒருவருக்காக ஒருவர் பதிவு செய்துகொள்ளும் பழக்கம் இருந்திருக்கிறது. நண்பனைக் காப்பாற்றுகிற படைவீரர்களின் பாசம் இங்கே பொய் சாட்சியாக மாறுகிறது. இதை நான் முதலில் படித்தபோது வெகுநேரம் யோசித்துக்கொண்டிருந்தேன். தடயமும் போரிலிருந்து வருகிறது, அதைப் பொய்யாக்கும் சாட்சியும் போரிலிருந்து வருகிறது.

அதே போல ரேச்சலின் கைப்பை கில்ட்ஃபோர்ட் ஊர் தபாலாபீசில் கிடைத்தது. இதை நான் கதையாக எழுதினால் அந்தப் பைக்குள் அவருடைய ரேஷன் புத்தகத்தை வைப்பேன். 1941இல் ரேஷன் புத்தகம் இல்லாமல் வெண்ணெய் கிடையாது, சர்க்கரை கிடையாது. வீட்டை விட்டுப் போகிறவள் எதை மறந்தாலும் அதை மறக்க மாட்டாள். வசனமே வேண்டாம், பைக்குள் புத்தகத்தைக் காட்டினால் பார்க்கிறவருக்குப் புரிந்துவிடும்.

ஒரே ஒரு படத்தை மட்டும் சொல்கிறேன், ஏனென்றால் இதற்கு அதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியாது. அகிரா குரோசவாவின் 1949 படம் 'ஸ்ட்ரே டாக்'. தோற்றுப்போன டோக்கியோவில் ஓர் இளம் துப்பறிவாளர் தன் துப்பாக்கியைப் பறிகொடுத்துவிட்டுத் தேடுகிறார். அதை வைத்துக் குற்றம் செய்கிறவனும் போரிலிருந்து திரும்பிய சிப்பாய்தான். இருவருக்கும் ஊர் திரும்பும் வழியில் மூட்டை திருட்டுப் போயிருக்கிறது. ஒருவர் போலீஸ் ஆனார், ஒருவன் திருடன் ஆனான். போர்க் காட்சி ஒன்றுகூட இல்லாமல் போர் அந்தப் படம் முழுக்க இருக்கிறது. உங்கள் போலீஸ்காரருக்கும் குற்றவாளிக்கும் இப்படி ஒரு பொதுவான இழப்பு கிடைத்தால் விட்டுவிடாதீர்கள்.

லண்டனை இங்கே செட் போட்டு எடுக்க முடியாது, பணமும் இல்லை என்று எழுதியிருக்கிறீர்கள். லண்டன் எதற்கு? 1942 ஏப்ரலில் மதராஸ் இருக்கிறதே. ஏப்ரல் 5 ஈஸ்டர் ஞாயிறு அன்று ஜப்பானிய விமானங்கள் கொழும்பில் குண்டு போட்டன. மறுநாள் விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும். அடுத்தது மதராஸ்தான் என்று ஊரே காலியானது. ரயிலிலும் மாட்டுவண்டியிலும் நடந்தும் ஜனங்கள் உள்நாட்டுக்குப் போனார்கள். குண்டு விழுந்து கூண்டு உடைந்தால் மிருகங்கள் ஊருக்குள் வந்துவிடும் என்று மூர் மார்க்கெட் பக்கத்தில் இருந்த மிருகக்காட்சி சாலையின் சிங்கம், புலிகளைச் சுட்டுக் கொன்றார்கள்.

என் பாட்டி கடைசி வரை 1942ஐ "இவாக்குவேஷன் வருஷம்" என்றுதான் சொல்வார். வெண்கலப் பானை, குத்துவிளக்கு எல்லாவற்றையும் கோணிப்பையில் கட்டிக் கிணற்றுக்குள் இறக்கிவிட்டுச் செங்கல்பட்டுப் பக்கம் போனார்களாம். அந்தக் கோணியின் முடிச்சைக் கையால் போட்டுக் காட்டுவார். இரண்டு சுற்று, ஒரு இழுப்பு, மறுபடி ஒரு சுற்று. இதை எழுதும்போதும் என் விரல் அப்படியே போகிறது.

இங்கிருந்து ஒரு கதை பிடிக்கலாம். மயிலாப்பூரில் ஒரு வீடு. குடும்பம் ஏப்ரலில் பூட்டிக்கொண்டு போகிறது. சமையற்கார அம்மாள் தன் ஊருக்குப் போய்விட்டதாக எல்லோரும் நினைக்கிறார்கள். ஊரே கிளம்பிப் போகும்போது ஒருத்தி இல்லாமல் போவது யார் கண்ணிலும் படாது. அவள் ஊரிலோ, அவள் மதராஸில் இருப்பதாக நினைப்பு. ஜூலையில் குடும்பம் திரும்பி வந்து கிணற்றுக் கயிற்றை இழுக்கிறது. பாத்திரம் எல்லாம் அப்படியே இருக்கிறது, முடிச்சு மட்டும் வேறு மாதிரி இருக்கிறது. அப்புறம் பின்கட்டு அறையின் ஜன்னலில் புதிதாகக் கறுப்புக் காகிதம் ஒட்டியிருக்கிறது. இருட்டடிப்புக்கு ஒட்டுவதுதான், ஆனால் குடும்பம் போகும்போது அந்த ஜன்னலில் அது இல்லை. பூட்டிய வீட்டுக்குள் யாருக்கு விளக்கு தேவைப்பட்டது? அமைதிக் காலத்தில் ஜன்னலில் ஒட்டிய காகிதத்துக்கு எந்த அர்த்தமும் கிடையாது. இந்தக் கதையில் அதுதான் குற்றவாளியின் கை.

மிருகக்காட்சி சாலையில் சுட்ட துப்பாக்கிச் சத்தத்தோடு கொலைகாரன் துப்பாக்கிச் சத்தமும் கலந்துபோனது என்று வைத்தால் என்ன என்று உங்களுக்கு ஆசை வரும். எனக்கும் வந்தது. அது தனிப் படம். இருபது நிமிடத்தில் ஒரு மறைப்பு, ஒரு காட்டிக்கொடுப்பு, அவ்வளவுதான் தாங்கும். சந்தேகப்பட இரண்டு பேர் போதும், மூன்றாவது ஆளை நுழைத்தால் யாருக்கும் முகம் இருக்காது.

எடுக்கும் விதத்தைப் பற்றி இரண்டு விஷயம். முதலில் இருட்டு. நான் எடிட் செய்த ஒரு படத்தில் இருட்டடிப்பு என்று சொல்லித் தெரு முழுக்க நீல வெளிச்சம் போட்டிருந்தார்கள். நிலாக்காலத்துக் காதல் காட்சி மாதிரி இருந்தது. அதை விட்டுவிட்டு ஒரு டார்ச்சின் கண்ணாடியில் இரண்டு மடிப்பு டிஷ்யூ காகிதம் ஒட்டி மறுபடி எடுத்தோம். லண்டன்காரர்கள் தெருவில் அப்படித்தான் டார்ச் வைத்துக்கொண்டு நடந்தார்கள். வெளிச்சம் காலடியில் ஒரு தட்டு அளவுக்குத்தான் விழுந்தது. நடிகர் முகத்தைப் பார்க்க முடியவில்லை, குனிந்து எதையோ எடுக்கும்போது மட்டும் விரல்களும் மோவாயும் தெரிந்தன. துப்பறியும் கதைக்கு இதைவிட என்ன வேண்டும்? எதை வெளிச்சத்தில் காட்டுகிறோம் என்பது முழுக்க உங்கள் கையில் வந்துவிடுகிறது. செலவும் இல்லை.

அடுத்தது சத்தம். விமானத்தைக் காட்டவே காட்டாதீர்கள், கம்ப்யூட்டரில் செய்த விமானம் வந்தவுடன் படம் விளையாட்டுப் பொருளாகிவிடும். அபாயச் சங்கை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். பிரிட்டனில் ஏறி இறங்கி ஒலித்தால் எச்சரிக்கை, ஒரே சுருதியில் நீண்டு ஒலித்தால் ஆபத்து நீங்கியது என்று அர்த்தம். படத்தின் தொடக்கத்திலேயே பார்க்கிறவர் காதில் இந்த இரண்டையும் பதிய வைத்துவிடுங்கள். பிறகு ஒருவர் "சங்கு ஊதினதும் நான் பதுங்குகுழிக்குப் போய்விட்டேன்" என்று சாட்சி சொல்லும்போது, எந்தச் சங்கைச் சொல்கிறார் என்பதை வைத்தே அவர் பொய்யைப் பிடிக்கலாம். போலீஸ்காரருக்கு முன்னாலேயே பார்க்கிறவர் பிடித்துவிட்டால் இன்னும் நல்லது.

முடிவைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் அனுப்பிய சுருக்கத்தில் குற்றவாளியின் முகத்தில் முடித்திருக்கிறீர்கள். அதை மாற்றச் சொல்வேன். மயிலாப்பூர்க் கதையையே எடுத்துக்கொண்டால், குற்றவாளி பிடிபடுவது பதினேழாவது நிமிடத்திலேயே நடந்து முடியட்டும். மிச்சம் மூன்று நிமிடம் ஸ்டேஷனில். அந்த வயதான போலீஸ்காரர் பதிவேட்டைத் திறக்கிறார். ஏப்ரல் மாதப் பக்கத்தில் அந்த வீட்டு விலாசத்துக்கு நேராக "சமையற்காரி, ஊருக்குப் போனவர்" என்று யாரோ எழுதி வைத்திருக்கிறார்கள். படம் முழுக்க எல்லோரும் அவளைச் சமையற்காரி என்றே சொல்லியிருக்க வேண்டும். அவர் அந்த வரியை அடித்துவிட்டு, பேனாவை மையில் தொட்டு, முதல் முறையாக அவள் பெயரை எழுதுகிறார். வெளியே சங்கு ஊதத் தொடங்கினால் ஊதட்டும். பெயரை எழுதி முடிக்கும் வரை கட் பண்ணாதீர்கள்.